சுருளியின் வீடும் நண்டுகளின் வரிசையும்

கடலோரப் பாறைகளுக்கு நடுவே ஒரு குட்டை இருந்தது. அலை ஏறும்போது கடலோடு சேர்ந்துகொள்ளும். அலை இறங்கினால் தனிக் குட்டையாக நின்றுவிடும். அதில் சுருளி என்றொரு கடல்நத்தை வாழ்ந்தாள். அவள் முதுகில் பழுப்பும் வெள்ளையுமாக வரி போட்ட அழகான சங்கு. நாளெல்லாம் பாறையில் பாசி மேய்வாள். மேய்ந்துகொண்டே யாரோடாவது வாதம் செய்வாள். யாரும் அகப்படாவிட்டால் பாசியோடு வாதம் செய்வாள்.

அதே குட்டையில் சங்கு நண்டுகளும் கூட்டமாகக் குடியிருந்தன. பாவம், அந்த நண்டுகளுக்கு முன்பக்கம் மட்டும்தான் கெட்டி. பின்பக்கம் உரித்த வாழைப்பழம் மாதிரி மெத்தென்று இருக்கும். அதனால் காலியாகக் கிடக்கும் சங்கைத் தேடிப் பிடித்து, பின்பக்கத்தை உள்ளே நுழைத்துக்கொண்டு, வீட்டையும் தூக்கிக்கொண்டே நடக்கும். உடம்பு வளர்ந்தால் வீடு இறுக்கும். வேறு வீடு பார்க்க வேண்டும்.

அதற்கு அவற்றிடம் ஒரு முறை இருந்தது. பெரிய காலிச் சங்கு ஒன்று கிடைத்தால், எல்லா நண்டுகளும் அதன் முன்னால் வரிசையாக நிற்கும். பெரியது முதலில், சின்னது கடைசியில். முதல் நண்டு புது வீட்டில் புகும். அது விட்ட வீட்டில் அடுத்தது புகும். அது விட்டதில் அதற்கடுத்தது. ஒரே ஒரு வீடு வந்தால் போதும், ஊருக்கே வீடு. சண்டை இல்லை, தள்ளுமுள்ளு இல்லை. உண்மையிலேயே நல்ல முறைதான்.

ஆனால் அந்த வருஷம் ஒரு காலிச் சங்குகூடக் குட்டையில் ஒதுங்கவில்லை. வரிசையில் முதல் ஆள் கொடுக்கன். வீடு இறுக்கி இறுக்கி அவனுக்கு மூச்சு முட்டியது. அவனுக்குப் பின்னால் இருந்தவர்களுக்கும் அதே கதிதான்.

ஒருநாள் காலை கொடுக்கன் சுருளியைப் பார்த்தான். சரியாகச் சொன்னால், அவள் முதுகைப் பார்த்தான்.

"ஏம்மா, இந்த வீட்டை எப்போ காலி பண்றே?"

"எந்த வீட்டை?"

"நீ தூக்கிக்கிட்டுத் திரியிறியே, அதைத்தான்."

"இதையா? இதை நான் எதுக்குக் காலி பண்ணணும்?"

"எத்தனை நாளா இதுல இருக்கே?"

"பிறந்ததிலேர்ந்து."

பின்னால் நின்ற நண்டுகள் ஒன்றையொன்று பார்த்துக்கொண்டன. வரிசையின் நடுவே செங்காலி என்றொரு நண்டு இருந்தாள். அவளுக்குக் கால்கள் மிளகாய்ச் சிவப்பு, நாக்கு மிளகாய்க் காரம்.

"கேட்டீங்களா கதையை? நாமெல்லாம் ஒரு வீட்டுல கால் நீட்டி உட்கார்றதுக்குள்ள அடுத்த வீட்டைத் தேடுறோம். மகாராணி மட்டும் பிறந்ததிலேர்ந்து ஒரே வீட்டுல குடியிருப்பாங்களாம்."

"நான் குடியிருக்கலை. நான் கட்டினேன்" என்றாள் சுருளி.

குட்டையே குலுங்கிச் சிரித்தது.

"வீட்டை யாராவது கட்டுவாங்களா?" என்றான் கொடுக்கன். "வீடு கிடைக்கும். கிடந்தா எடுத்துக்கணும். இதுகூடத் தெரியாம வளர்ந்திருக்கே பொண்ணு."

சுருளிக்குச் சுர்ரென்று ஏறியது. "நீ கட்டினதில்லைங்கிறதுக்காக யாருமே கட்ட முடியாதுன்னு ஆகிடுமா? என் உடம்பிலேர்ந்து ஊறி வர்றதைப் பூசிப் பூசிக் கட்டினேன். இந்த உச்சியைப் பாருங்க. மணல் அளவு ஒரு சுருள் தெரியுதா? அதுதான் நான் பிறந்த வீடு. அதுக்குக் கீழே இருக்கிறதெல்லாம் நான் சேர்த்தது."

"பொய்" என்றான் கொடுக்கன். வரிசையைப் பார்த்துத் திரும்பிக்கொண்டான். "போன மழைக்காலத்துல இவளை நானே பார்த்தேன். என் கொடுக்கு நுனி அளவு சின்ன வீட்டுல இருந்தா. இப்போ பாருங்க, மாளிகை. எப்படி வந்தது? வரிசையில நின்னாளா?"

"நிக்கலை" என்றது வரிசை.

"யாரையாவது கேட்டாளா?"

"கேட்கலை."

"அப்போ முறை தவறி வீடு மாத்தியிருக்கா. நம்மளை எல்லாம் ஏமாத்தியிருக்கா."

"நான் மாத்தலை. இது அதே வீடு. என்னோட சேர்ந்து வளர்ந்திருக்கு."

"வீடு வளருதாம்!" செங்காலி சிரித்த சிரிப்பில் வீட்டோடு மல்லாந்து விழுந்தாள். "நாளைக்குப் பாறை குட்டி போடுச்சுன்னு சொல்லுவா."

அங்கேயே கூட்டம் கூடியது. கொடுக்கன் பேசினான். "ஒருத்தி வெளியே வந்தா இத்தனை பேருக்கு வீடு. இதுல யோசிக்க என்ன இருக்கு? சம்மதம்னா கொடுக்கைத் தூக்குங்க."

எல்லாக் கொடுக்குகளும் உயர்ந்தன. சுருளிக்குக் கொடுக்கு இல்லை. ஆகவே அவளுடைய வாக்கு கணக்கில் சேரவில்லை.

பக்கத்துப் பாறையில் ஒட்டியிருந்த சிப்பி அக்கா மெல்ல வாய் திறந்தாள். "பேசாம உள்ளே போய் மூடிக்கோடி. நான் அப்படித்தான். சத்தம் கேட்டா மூடிடுவேன்."

"நான் மூடிக்கிட்டா அவங்க சொன்னது சரின்னு ஆகிடாதா அக்கா?"

அக்கா அதற்குள் மூடிவிட்டாள்.

கொடுக்கன் நேரே வந்து சுருளியைப் பிடித்து இழுத்தான். அவள் சட்டென்று உள்ளே சுருங்கி, வாசலை அடைக்கும் தன் மூடியைக் கதவு போலச் சாத்தினாள். அவன் அவளுடைய வீட்டு வாசலின் ஓரத்தில் கொடுக்கை மாட்டி நெம்பினான். கறுக்கென்று சத்தம். ஓரம் ஒரு துண்டு உடைந்து மணலில் விழுந்தது.

உடைந்த இடத்தின் வழியாகக் குளிர்ந்த தண்ணீர் உள்ளே வந்தது. இன்னும் இரண்டு துண்டு உடைந்தால் அவளை வெளியே எடுத்துவிடலாம். வெளியே வந்தால் அவள் பிழைக்க மாட்டாள். அவளும் வீடும் ஒட்டியே பிறந்தவர்கள். பயம் தொண்டை வரை வந்தது. ஆனால் தொண்டையில் ஏற்கெனவே ஒரு வாதம் நின்றுகொண்டிருந்தது. வாதம் முந்திக்கொண்டது.

"நில்லு" என்றாள். "இப்போ தெரிஞ்சுபோகும். கிடைச்ச வீடுன்னா உடைஞ்சது உடைஞ்சதுதான். நான் கட்டினதுன்னா இந்த ஓட்டையைத் திரும்பக் கட்டுவேன். கட்டலைன்னா நானே வெளியே வந்து செத்துப்போறேன். ஆனா உன் வீட்டு ஓரத்தையும் உடைக்கணும். நீயும் கட்டிக் காட்டு."

சாவு என்ற பேச்சைக் கேட்டதும் சில நண்டுகள் கொடுக்கைக் கீழே இறக்கின. கொடுக்கனுக்குக் கௌரவப் பிரச்சினை. "எனக்கென்ன? நானும் ரொம்ப நாளா இதுல இருக்கேன். என் வீடு என் பேச்சைக் கேட்கும்" என்று தன் வீட்டு ஓரத்தைத் தானே உடைத்துக்கொண்டான்.

அன்றிலிருந்து சுருளி தின்றாள். பாசியை வழித்து வழித்துத் தின்றாள். அவள் உடம்பின் விளிம்பு, கல்லில் ஊற்றிய மாவு பரவுவது போல, உடைந்த இடத்தின்மேல் மெல்லப் பரவி நின்றது. கடல் தண்ணீரில் கரைந்திருந்த சுண்ணாம்பை அது கொஞ்சம் கொஞ்சமாக இழுத்துக் கசியவிட்டது.

கொடுக்கனும் சும்மா இருக்கவில்லை. ஈர மணலை அப்பிப் பார்த்தான். அலை கொண்டுபோனது. கடற்பாசியைத் திணித்துப் பார்த்தான். ஒரு மீன் வந்து தின்றுவிட்டுப் போனது. "வளரு" என்று வீட்டை அதட்டினான். பிறகு கெஞ்சினான். யாரும் பார்க்காதபோது தாலாட்டுக்கூடப் பாடிப் பார்த்தான். ஓட்டை ஓட்டையாகவே இருந்தது.

செங்காலி முதலில் கேலி பண்ணத்தான் வந்தாள். "கொத்தனாரம்மா, வேலை எந்த மட்டுல இருக்கு?" என்றாள். மறுநாளும் வந்தாள். அதற்கடுத்த நாள் கேலி பேச மறந்து குனிந்து பார்த்தாள். ஓட்டையின் குறுக்கே பாலாடை மாதிரி ஏதோ ஒன்று படிந்திருந்தது.

"ஏய், நேத்து இது இல்லையே."

"இல்லை."

"யாரு ஒட்டினது?"

"நான்தான். இத்தனை நாளா நான் வாதம் பண்ணினது எதுக்குன்னு நினைச்சே?"

செங்காலி அப்புறம் அந்த இடத்தை விட்டு நகரவேயில்லை. பாலாடை தடித்தது. தடித்தது இறுகியது. ஒருநாள் விடிந்ததும் அவள் அதைக் காலால் தட்டினாள். டக்கென்று கேட்டது.

குட்டை முழுக்கக் கேட்கும்படி கத்தினாள். "எல்லாரும் வாங்க! வீடு வளர்ந்திருக்கு!"

நண்டுகள் ஓடிவந்தன. உடைந்த இடத்தில் ஓட்டை இல்லை. பழைய வரிகளுக்குப் பக்கத்தில் வெள்ளையாக, கொஞ்சம் கோணலாக, புது ஓரம் இருந்தது.

"நான் பக்கத்துலயே நின்னு பார்த்தேன்" என்றாள் செங்காலி. "யாரும் கொண்டுவந்து ஒட்டலை. அவளேதான். நான் சிரிச்சது தப்பு."

கொடுக்கன் அந்த ஓரத்தைப் பார்த்தான். தன் வீட்டு ஓட்டையைப் பார்த்தான். பிறகு சின்னக் குரலில் கேட்டான். "அப்போ என் வீடு?"

"அதையும் யாரோ கட்டியிருக்காங்க" என்றாள் சுருளி. "என்னை மாதிரி ஒருத்தி. சாகிற வரைக்கும் கட்டியிருப்பா. அவ போனப்புறம் உனக்குக் கிடைச்சிருக்கு."

நண்டுகள் அதுவரை தங்கள் வீடு பெரிதா சின்னதா என்று மட்டுமே பார்த்தவை. அன்றைக்குத்தான் வரிகளைப் பார்த்தன. மேலே மணல் அளவு உச்சியைத் தேடிப் பார்த்தன. கடைசியில் நின்ற நண்டு சொன்னது: "என் வீட்டுலயும் ஒரு கோணல் ஒட்டு இருக்கு. யாரோ ஒருத்தியோட வீட்டை யாரோ உடைச்சிருக்காங்க. அவளும் திரும்பக் கட்டியிருக்கா."

கொடுக்கன் இரண்டு கொடுக்கையும் மணலில் ஊன்றித் தலை தாழ்த்தினான். "தப்புப் பண்ணிட்டேன்மா. ஆனா இறுக்குதே. நான் என்ன பண்ணட்டும்?"

சுருளி அவனைத் திட்டத்தான் வாயெடுத்தாள். அந்தப் பரிதாபமான முகத்தைப் பார்த்ததும் சிரிப்பு வந்துவிட்டது. "இதை முதல்லயே கேட்டிருந்தா சொல்லியிருப்பேனே. பெரிய பாறைக்கு அந்தப் பக்கம் எங்க ஆட்கள் காலங்காலமா மேயுற இடம் இருக்கு. ஆயுசு முடிஞ்சவங்களோட சங்கெல்லாம் அங்கேதான் கிடக்கு. நீங்க இந்தக் குட்டையை விட்டு நகர்ந்தாத்தானே?"

அலை ஏறியதும் கிளம்பினார்கள். முன்னால் சுருளி, பின்னால் நண்டு வரிசை. நத்தையின் பின்னால் நடப்பது நண்டுகளுக்குச் சாமானியமான சோதனை அல்ல.

"கொஞ்சம் வேகமாப் போகலாமா?" என்றான் கொடுக்கன்.

"வீடு கட்டிக்கிட்டே நடக்கிறவளை விரட்டக்கூடாது" என்றாள் செங்காலி, சுருளி வாய் திறப்பதற்குள்.

பெரிய பாறைக்கு அந்தப் பக்கம் வெயில் தண்ணீருக்குள் இறங்கித் தரை வரை மின்னியது. மணலில் சங்குகள் பாதி புதைந்தும் புதையாமலும் கிடந்தன. வரி போட்டவை, புள்ளி வைத்தவை, உள்பக்கம் விடியற்கால வானம் போலச் சிவந்தவை. நண்டுகள் பழக்கப்படி வரிசையில் நின்றன. கொடுக்கன் ஒரு பெரிய சங்கின் முன்னால் போய் நின்றான். புகவில்லை. அதன் உச்சியைக் கொடுக்கால் மெல்லத் தொட்டான்.

"உள்ளே வரலாமா?" என்று கேட்டான்.

பதில் சொல்ல அதற்குள்ளே யாரும் இல்லை. "வா" என்றாள் சுருளி.

அவன் புகுந்தான். அவன் விட்டதை அடுத்தவன் தொட்டு, கேட்டுவிட்டுப் புகுந்தான். அடுத்தவள், அதற்கடுத்தவள் என்று வரிசை கடைசி வரை கேட்பதும் புகுவதுமாகக் குதூகலித்தது. "வா, வா, நீயும் வா" என்று சொல்லிச் சொல்லிச் சுருளிக்குக் குரல் கட்டிப்போனது. கால் நீட்டிப் படுக்க இடம் கிடைத்த நண்டுகள் அன்று மாலை வரை அந்த மணலில் ஆடித் தீர்த்தன.

பலருக்கு வசதி என்பதற்காக ஒருவர் உழைத்து ஆக்கியதைப் பிடுங்கிக்கொள்ளும் உரிமை யாருக்கும் வந்துவிடாது. ஆக்கியவரைக் கேட்டு, அவரை மதித்துப் பெறுவதே எல்லோருக்கும் நல்லது.