பரிசலில் ஏற மறுத்த தளவாய்

முன்னொரு காலத்தில் நெடுங்கரை நாட்டை செங்கழுநீர் ராயன் என்றொரு ராஜா ஆண்டான். வழக்கு கேட்கிறதென்றாலே அவனுக்குக் கொட்டாவி வரும். அதனால் ஒருநாள் திடீரென்று சட்டம் போட்டான்: "அடித்தவனும் அடிபட்டவனும் சமாதானமாகி, என் முன்னால் வெற்றிலை மாற்றிக்கொண்டால் போதும். வழக்கு முடிந்தது!" இந்த யோசனையைச் சொன்னவர், படைகளை நடத்தும் தளவாய் குஞ்சிதபாதம். வழக்கு விசாரிக்கும் மந்திரியான தெய்வச்சிலை என்பவருக்குச் சபையில் இருந்த மதிப்பு தளவாயின் கண்ணை வெகுநாளாக உறுத்திக்கொண்டிருந்தது.

சட்டம் வந்த பத்தாம் நாள் தளவாய் ஆற்றங்கரைக்குப் போனார். ஆற்றில் வெள்ளம். "தண்ணி வடியட்டும் சாமி" என்றான் பரிசல்காரன் மாசாணம். அவ்வளவுதான் சொன்னான். தளவாய் சவுக்கை வீசினார். மாசாணத்தின் இடது கண் போய்விட்டது! காத்திருக்கச் சொன்னதற்குக் கண்ணா? ஊரே பதறிப்போனது. மாசாணம் அரண்மனையில் முறையிட்டான்.

விசாரணை நாளில் அதைவிடப் பெரிய அதிர்ச்சி. கண்ணில் கட்டோடு வந்த மாசாணம், தளவாயிடம் வெற்றிலையை நீட்டினான்.

"எனக்கு வழக்கு வேண்டாமுங்க, ராஜா."

"பார்த்தீரா மந்திரி? இனி உமக்கு இங்கே என்ன வேலை?" என்று சிரித்தார் தளவாய்.

வெற்றிலையைக் கொடுத்த மாசாணம் சட்டென்று தளவாயை விட்டு இரண்டடி பின்னே நகர்ந்தான். மந்திரி அதைப் பார்த்துவிட்டார்.

"தளவாயாரே, உங்களுக்குள் பகை எதுவும் மிச்சமில்லையே?"

"துளிகூட இல்லை. இப்போது நாங்கள் அண்ணன் தம்பி மாதிரி!"

"சந்தோஷம். உங்கள் மாளிகை அக்கரையில்தானே? இன்றைக்குத் தம்பியின் பரிசலிலேயே போங்கள். நாங்கள் வந்து வழியனுப்புகிறோம்."

ராஜாவுக்கு வேடிக்கை என்றால் உயிர். "நடங்கள்!" என்று எழுந்துவிட்டான்.

வெள்ளம் வடிந்திருந்தாலும், படித்துறையில் ஆறு செக்கச்செவேலென்று சுழித்து ஓடியது. மாசாணம் துடுப்போடு பரிசலில் உட்கார்ந்தான். தளவாய் ஒரு காலைத் தூக்கினார். பிறகு கீழே வைத்தார்.

"என்ன தயக்கம்? இந்த ஆற்றை இவனைவிடத் தெரிந்தவன் கிடையாது. ஏறும்!" என்றான் ராஜா.

"மாட்டேன் மகாராஜா! கண்ணைப் பறிகொடுத்தவன் என்னைக் கரை சேர்ப்பானா? நானாக இருந்தால் நடு ஆற்றில் கவிழ்த்துவிடுவேன்!"

சொன்ன பிறகுதான், தான் சொன்னது தளவாயின் காதிலேயே விழுந்தது.

"சமாதானம் ஆகவில்லை என்று அவரே சொல்லிவிட்டார், ராஜா" என்றார் மந்திரி. "மாசாணம், பயப்படாமல் சொல். ஏன் வெற்றிலை கொடுத்தாய்?"

"வழக்கை விடலேன்னா, புள்ளைங்களோட சேர்த்துக் குடிசையக் கொளுத்திருவேன்னு ஆள் அனுப்புனாருங்க."

ராஜாவுக்குத் தூக்கிவாரிப்போட்டது. இந்த அக்கிரமத்துக்கா தன் சட்டம் துணை போனது? அங்கேயே தளவாயின் வாளைப் பிடுங்கி, அவரைச் சிறைக்கு அனுப்பினான். தன் முத்துமாலையை மந்திரியின் கழுத்தில் போட்டான். "இனிமேல் சமாதானம் என்று யார் வந்தாலும், அடிபட்டவனை மந்திரி தனியாக அழைத்துக் கேட்க வேண்டும். அப்புறம்தான் வெற்றிலை!" என்றான்.

கூட்டம் கலையும்போது ராஜா மெல்லக் கேட்டான்: "மாசாணம், உண்மையைச் சொல். அவன் ஏறியிருந்தால் கவிழ்த்திருப்பாயா?"

மாசாணம் திகைத்துப்போய் ராஜாவைப் பார்த்தான்.

"அய்யோ, ஏறுன ஆளையா சாமி? அக்கரையில பத்திரமா எறக்கி விட்டுட்டு, திரும்பி வரையில அழுதிருப்பேன்."

ராஜா கிரீடத்தைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு, அப்படியே படித்துறையில் உட்கார்ந்துவிட்டான்.