முகூர்த்தத்தை நெய்து நீட்டிய சென்னியப்பன்

மத்தியானம் கரண்ட் போனால் எங்கள் தறிசெட்டு ஆட்கள் எல்லாரும் எதிரே இருக்கிற பாவாயி அக்கா டீக்கடைக்கு வந்துவிடுவோம். சோமனூர்ப் பக்கம் இது வழக்கம்தான். பாவாயி அக்காவின் வீட்டுக்காரர் சென்னியப்பன் எங்கள் செட்டில் தறி மெக்கானிக். தறியில் அவருக்குத் தெரியாத சமாச்சாரமே இல்லை. தறியை விட்டு அக்கட்டால் போனால் அவர் பேச்சை எடை போட்டுத்தான் வாங்க வேண்டும்.

அன்றைக்கு லாரி டிரைவர் பொங்கியண்ணன், "இந்தக் கரண்டு கட்டுல பாதி நேரம் வீணாப் போவுது" என்று சலித்துக்கொண்டார்.

"வீணாப் போற நேரம் எங்க போவுதுன்னு தெரியுமா உனக்கு?" என்றார் சென்னியப்பன்.

"போனது போனதுதான்."

"எங்கயும் போறதில்லப்பா. தறிக்கு அடியில பஞ்சாட்டம் ஒதுங்கிக் கெடக்கும். கண்ணாலமாகறதுக்கு முன்னால ஒருக்கா கூட்டி எடுத்தேன். கைல ஒட்டல, ஆனா கனமா இருந்துச்சு. மோந்து பாத்தா போன வாரத்து வாசம். சரி, சும்மா விடுவானேன்னு நூலாத் திரிச்சுட்டேன்."

நூலாகத் திரித்தவர் நெய்யாமல் இருப்பாரா? நெடுக்கே ஓடுகிற பாவுக்கு நீளமான, அறுபடாத நேரம் வேண்டுமாம். பள்ளிக்கூட ஆண்டுவிழாவில் தலைவர் பேசிய நேரத்தை அப்படியே சுருட்டி வந்து பாவு ஓட்டினாராம். "என்ன இழுத்தாலும் அறுவல பாத்துக்க" என்றார். குறுக்கே ஓடுகிற ஊடைக்கு பஸ் ஸ்டாண்டில் சனங்கள் காத்துக் கிடந்த நேரம்.

"மொதல்ல கைக்குட்டை அளவுதான் நெய்தேன். எங்கம்மா பால் காய்ச்சீட்டு இருந்தாங்க. பொங்கி வழியப்போற சமயம், அந்தத் துணிய மேல போட்டேன். பாலு வெளிம்புல வந்து நின்னுக்கிச்சு. அம்மா போய்க் குளிச்சு, சாமி கும்பிட்டு, பக்கத்து வீட்ல சண்டை போட்டுட்டு வந்து அடுப்ப அணைச்சாங்க. ஒரு சொட்டு சிந்தல."

தறி ஓட்டுகிற தேவகி டீயை உறிஞ்சிக்கொண்டே, "சண்டை எதுக்குங்ணா?" என்றாள்.

"அது வேற கதை. அடுத்தது துண்டு. தோள்ல போட்டுக்கிட்டு சைக்கிள்ல அவிநாசி சந்தைக்குக் கெளம்புனேன். பாதி வழியில எதுக்கால ஒருத்தன் சைக்கிள்ல வாரான். பாத்தா நானு. போயிட்டுத் திரும்பி வாரேன். 'சந்தையில ஒண்ணுமில்ல, திரும்பிக்க'ன்னு சொன்னேன். என்னையவே நம்பாம எப்படி? திரும்பிட்டேன்."

"அப்ப போனது யாரு?" என்றார் பொங்கியண்ணன்.

"அதத்தான் நானும் இன்னைக்கு வரைக்கும் ரோசனை பண்ணீட்டிருக்கறேன்."

பாவாயி அக்கா சட்டியில் பஜ்ஜி போட்டுக்கொண்டிருந்தார். முகத்தில் ஒரு சலனமும் இல்லை.

சென்னியப்பன் குரலைத் தாழ்த்தினார். "இதெல்லாம் சில்லறை வேலை. என்ர கண்ணாலத்தன்னைக்கு நடந்ததுதான் வேலை. வெடியால முகூர்த்தம். கெளம்பற நேரத்துல மொதலாளி ஆளு வுட்டுட்டாரு. தறி நின்னு போச்சு, சரக்குக்கு லாரி காத்திருக்குது, நீ வந்தாத்தான் ஆவும்னு. அக்கட்டால மாமனாரு ஒரே பேச்சுக்காரரு. முகூர்த்தம் தப்புனா புள்ளைய வேற எடத்துக்குக் குடுத்துருவேன்னு சொன்னவரு. நாலு எடத்துல பாத்து, இவளத்தான் கட்டறதுன்னு ஒத்தக் கால்ல நின்னு முடிச்ச கண்ணாலம். என்ன பண்ணட்டும்?"

இந்த இடத்தில் யாரும் சிரிக்கவில்லை. அவர் முகத்தில் அந்தக் காலைநேரத்துத் தவிப்பு கொஞ்சம் வந்துவிட்டிருந்தது.

"தறியச் சரி பண்ணி, அதே தறியில முகூர்த்தத்தையே ஏத்திட்டேன். நீட்டி நெய்யறேன். மண்டபத்துல நாதஸ்வரக்காரரு ஒரு மூச்சு ஊதுனவரு ஊதுனபடி நிக்கறாரு. அட்சதை அந்தரத்துல நிக்குது. கண்ணாலத்துக்கு வந்த ஒறம்பரை ஒருத்தரு கொட்டாவி வுட்ட வாயோட. காக்கா ஒண்ணு வந்து உள்ள எட்டிப் பாத்துட்டுப் போச்சு."

"நீங்க செட்டுல இருந்தீங்க. காக்காய எப்படிப் பாத்தீங்க?" என்றாள் தேவகி.

"காக்கா வந்து சொல்லுச்சு. குறுக்க பேசாத கண்ணு. நெய்யற வேகத்துல, ஊடை நூல இழுத்துட்டு ஓடற நாடா பின்பக்கமா ஓட ஆரம்பிச்சிருச்சு. நேரம் திரும்பிப் போவுது. மண்டபத்துல பொண்ணு தலையில இருந்த மல்லி மொட்டாப் போச்சு. இலையில வெச்ச இட்லி மாவாயிருச்சு. மாமனாரு வழுக்கையில முடி மொளைச்சு, அவரு சீப்புக் கேக்கறாரு. ஐயருக்கு மந்தரம் மறந்து போச்சு, ஏன்னா அவரு இன்னும் படிக்கவே ஆரம்பிக்கல. இன்னும் நாலு இழை ஓடியிருந்தா மண்டபம் கட்டுன எடத்துல சோளக்காடு நின்னிருக்கும்."

"அப்பறம்?" என்றார் பொங்கியண்ணன். அவரை அறியாமல் பெஞ்சு நுனிக்கு வந்திருந்தார்.

"பல்லுல கடிச்சு நூல அறுத்தேன். துணிய மடிச்சேன். துணிய மடிச்சா ரெண்டு ஓரமும் ஒண்ணாச் சேருமில்ல? இந்த ஓரம் செட்டு, அந்த ஓரம் முகூர்த்தம். ஒரே எட்டு. மணவறையில எறங்குனேன். ஐயரு 'கெட்டிமேளம்'னு சொல்லி வாய மூடல, தாலிய கட்டிட்டேன்."

பிறகு தேவகி சட்டிப் பக்கம் திரும்பினாள். "ஏனுங்க்கா, நெசமாலுமா?"

பாவாயி அக்கா பஜ்ஜியைத் திருப்பிப் போட்டார். "தறியடியில படுத்துத் தூங்கீட்டிருந்தாரு. எங்கண்ணன் போய்த் தண்ணி தெளிச்சு எழுப்பிக் கூட்டியாந்தான். எங்கப்பன் ஐயரு கைய புடிச்சுக் கெஞ்சி, அடுத்த முகூர்த்தம் பாத்து வெச்சாரு."

சென்னியப்பன் அசரவில்லை. "வெளிய நின்னு பாக்கறவனுக்குத் தூங்கறாப்பலதான் தெரியும்."

"ஆனா ஒண்ணு" என்றார் அக்கா, கரண்டியை வைத்துவிட்டு. "அன்னைக்கு நேரம் நீண்டது நெசந்தான். கழுத்துல மாலையோட வாசலையே பாத்துட்டு உக்காந்திருந்தவ நானு. இவரு நெய்ததுனால நீளல. வராததுனால நீண்டுச்சு."