தூங்கச் சொல்லும் தைரியம்

கோவில்பட்டியில் செண்பகவல்லியின் செல்போன் சர்வீஸ் கடைக்குத் தவமணி வேலை பழக வந்தபோது அவருக்கு ஐம்பது வயது. செண்பகவல்லிக்கு முப்பத்திரண்டு. ஆனாலும் கடையில் மற்றவர்களைப் போல அவரும் அவளை அக்கா என்றே கூப்பிடுவார். அவள் அவரை அண்ணாச்சி என்பாள். அதில் இருவருக்கும் கூச்சம் ஒன்றும் கிடையாது.

ஒருநாள் மதியம் ஜெனிபா என்ற பெண் தன் போனைக் கொண்டுவந்தாள். கூட வந்திருந்த அவளுடைய ஏழு வயது மகனுக்குச் சர்க்கரை நோய். அவன் கையில் ஒட்டியிருந்த சென்சார் போனுக்கு அளவைச் சொல்லும். தூக்கத்தில் சர்க்கரை இறங்கினால் அலாரம் அடிக்கும். விளம்பரத் தொல்லை ஒழியட்டும் என்று அவள் தம்பி போனை ரூட் செய்து, கம்பெனி போட்ட பூட்டையெல்லாம் எடுத்துவிட்டான். நல்ல காரியம் செய்தான் போங்கள். ‘இந்த போன் பாதுகாப்பாக இல்லை’ என்று சொல்லிவிட்டு, அன்றிலிருந்து சென்சார் ஆப் திறக்கவே இல்லை.

தவமணி டெலிகிராமில் தேடினார். அதே ஆப்பை யாரோ மாற்றிப் போட்டிருந்தார்கள். அதை ஏற்றி, கேட்ட அனுமதியெல்லாம் கொடுத்தார். ஆப் திறந்தது. பையனின் சர்க்கரை அளவும் வந்தது. அவருக்கு ஒரே பெருமை.

“முடிஞ்சிட்டு அக்கா. டெலிகிராம்ல மாத்திப் போட்ட ஆப் ஒண்ணு கெடச்சுது.”

“மாத்துனது யாரு?”

“தெரியாது. ஆப் போனைச் சோதிக்கிற பகுதியை மட்டும் எடுத்திருக்கானாம்.”

“அதை மட்டும்தானா?”

“அப்படித்தான் போட்டிருக்கான்.”

“அலாரம் அடிக்குமா?”

“அளவு காட்டுதுல்லா.”

“நான் அதைக் கேக்கலை, அண்ணாச்சி.”

தவமணிக்குச் சுருக்கென்றது. “கம்பெனி சாப்ட்வேரைத் திரும்ப ஏத்துனா சாயங்காலம் ஆயிரும். அந்தம்மா ஊருக்குப் போகணும். நான் செஞ்சதுல என்ன தப்பு?”

செண்பகவல்லி போனைத் துடைத்து அவர் கையில் கொடுத்தாள்.

“நீங்களே கொண்டு குடுங்க. குடுக்கும்போது, ‘ராத்திரி நிம்மதியா தூங்கும்மா’ன்னு ஒரு வார்த்தை சொல்லிட்டு வாங்க.”

அவர் வாசல் கவுண்டருக்குப் போனார். ஜெனிபாவின் கண்ணுக்குக் கீழே கருத்துக் கிடந்தது. அலாரம் நின்றதிலிருந்து அவள் ராத்திரியெல்லாம் எழுந்து எழுந்து பிள்ளையின் விரலில் குத்திப் பார்த்துக்கொண்டிருக்கிறாள்.

“இனி நான் முழிச்சிருக்க வேண்டாம்லா, அண்ணாச்சி?”

தவமணி வாயைத் திறந்தார். அந்த வார்த்தை வரவில்லை.

“கொஞ்சம் உக்காரும்மா,” என்றார். “இன்னும் வேலை இருக்கு. உன் போட்டோவெல்லாம் பத்திரமா எடுத்து வச்சுட்டு, போனைப் பழையபடி ஆக்கி, கம்பெனி ஆப்பையே போட்டுத் தாரேன்.”

உள்ளே வந்து அந்த ஆப்பை அழித்தார். பயந்துதான் போயிருந்தார். கேபிளைச் சொருகி, போட்டோக்களைக் கம்ப்யூட்டருக்கு மாற்ற ஆரம்பித்தார். பிறகு மெதுவாகக் கேட்டார்.

“அக்கா, திறக்கத் தெரிஞ்ச பூட்டைத் திறக்கவே கூடாதா?”

“திறக்கலாம் அண்ணாச்சி. நீங்க போய் அந்தப் பிள்ளை பக்கத்துல ராத்திரி முழுக்க முழிச்சிருப்பீங்கன்னா, திறக்கலாம்.”