மாசிலாமணி போட்ட பதினெட்டு மோட்

ஒரே மூச்சில் பதினெட்டு மோட் போட்டு, இருந்த ஊரையும் இருட்டாக்கிய ஆளைப் பார்த்திருக்கிறீர்களா?

நான் சொல்கிற ஆள் மாவு மில் மாசிலாமணி.

ஒரு திங்கட்கிழமை காலை, மொபெட்டில் மாவு மூட்டை வைக்கிற இடத்தில் கம்ப்யூட்டர் பெட்டியை நிறுத்திக்கொண்டு சுகந்தி டீச்சர் கடைக்கு வந்து சேர்ந்தார்.

டீச்சருக்கு வயது இருபத்தாறு. பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் கம்ப்யூட்டர் ரிப்பேர் கடை. கடைக்குள்ளேயே தூளி, தூளிக்குள் ஏழு மாதப் பிள்ளை.

மாசிலாமணிக்கு நாற்பத்தெட்டு. ஆனால் தெரிந்தவர் டீச்சர், தெரியாதவர் மாணவர். அந்தக் கணக்கில் அவருக்கு வெட்கம் கிடையாது.

"டீச்சர், மோட் போட்டேன். கேம் போச்சு."

டீச்சர் பெட்டியை வாங்கி மேஜையில் வைத்தார்.

விஷயம் இதுதான். ஊர் கட்டுகிற விளையாட்டு ஒன்று. மாசிலாமணியும் அவர் மகள் மோனிஷாவும் இரண்டு வருடமாக, லீவுக்கு லீவு உட்கார்ந்து, ஒரு ஊரைக் கட்டியிருந்தார்கள். தெப்பக்குளம் தோண்டி, மேட்டுத்தெரு போட்டு, மூலையில் ஒரு மாவு மில்லும் வைத்தாயிற்று. மகள் இப்போது ஹாஸ்டலில். சனிக்கிழமை வருகிறாள். போன தடவை கிளம்பும்போது, நம்ம ஊர்ல எல்லாம் இருக்குப்பா, தேர்தான் இல்ல என்று சொல்லிவிட்டுப் போனாள்.

விளையாட்டோடு தேர் வராது. அதையெல்லாம் யாராவது ஆர்வக்காரர்கள் தனியாகச் செய்து இணையத்தில் போட்டு வைப்பார்கள். அதுதான் மோட். இறக்கி, அதற்கான இடத்தில் வைத்தால் விளையாட்டு எடுத்துக்கொள்ளும்.

தேர் தேடப் போனவர் கண்ணில் மினி பஸ் பட்டது. தார் ரோடு பட்டது. டீக்கடை, தென்னை, மழை, மயில் எல்லாம் பட்டன. பதினெட்டையும் அள்ளிப் போட்டார். விளையாட்டைத் திறந்தால் கறுப்புத் திரை. அதற்குமேல் ஒன்றும் இல்லை.

"சனிக்கிழமை பிள்ளை வருது டீச்சர். ஊர் போயிருச்சுன்னு எந்த வாயால சொல்ல?"

டீச்சர் பெட்டியை ஓடவிட்டு, எங்கெங்கோ போய், எதையோ பிடித்து ஒரு பென் டிரைவில் போட்டுக் கழற்றிக் கொடுத்தார்.

"உங்க ஊர் இதுல பத்திரமா இருக்கு. பீரோவுல வைங்க. இனிமே எதைத் தொடுறதுன்னாலும் இப்படி ஒண்ணு எடுத்து வச்சிட்டுத் தொடுங்க."

மாசிலாமணி பென் டிரைவைக் கண்ணில் ஒற்றிச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டார்.

"சரி டீச்சர். பதினெட்டுல எது கெடுத்துச்சு?"

அந்த நேரம் பார்த்துப் பிள்ளை எழுந்து அழுதது. டீச்சர் அடுப்பைப் பற்றவைத்துக் கேழ்வரகுக் கஞ்சிக்குத் தண்ணீர் வைத்தார்.

மாசிலாமணிக்கு அப்போதுதான் ஞாபகம் வந்தது. வெறுங்கையோடு வரக்கூடாது என்று ஒரு பொட்டலம் கொண்டுவந்திருந்தார். அவரே வறுத்து அவரே அரைத்த சத்துமாவு. பன்னிரண்டு தானியம். அதில் காய்ச்சுங்கள், பிள்ளை பத்து நாளில் பந்தாகிவிடும் என்றார்.

டீச்சர் வாங்கி முகர்ந்து பார்த்தார். வாசனை அருமை என்றார். மேல் தட்டில் வைத்துவிட்டு வெறும் கேழ்வரகையே கரைத்தார்.

மாசிலாமணிக்கு முகம் சுருங்கிவிட்டது.

"டீச்சர், அதுல பன்னிரண்டு இருக்கு."

"அதான் அண்ணே. நாளைக்குப் பிள்ளை உடம்புல தடிப்பு வந்தா, பன்னிரண்டுல யாரைப் பிடிச்சு விசாரிக்க?"

அரிசிக் கஞ்சி ஏற்கெனவே ஒத்துக்கொண்டதாம், இப்போது கேழ்வரகு கொடுத்து மூன்று நாள் பார்ப்பாராம். ஒன்றும் செய்யவில்லை என்றால் அடுத்து பாசிப்பயறு. அப்புறம்தான் மற்றது. இதைச் சொல்லிவிட்டு டீச்சர் ஊட்ட ஆரம்பித்தார். இவர் எதிரே நிற்பதையே மறந்துவிட்டவர் மாதிரி இருந்தது.

கேட்ட கேள்விக்குப் பதில் வராமலே மாசிலாமணி பெட்டியைத் தூக்கிக்கொண்டு கிளம்பினார். பெரிய டீச்சர் என்று வந்தால் கஞ்சி கிண்டுகிறார் என்று வழியெல்லாம் முணுமுணுத்தார்.

ரயில்வே கேட் மூடியிருந்தது. ரயில் போயிற்று. கேட் திறந்தது. பின்னால் ஆட்டோக்காரர் ஹார்ன் அடித்துப் பார்த்தார், அப்புறம் வாயாலும் சொல்லிப் பார்த்தார்.

மாசிலாமணி அசையவில்லை. முதலில் கேழ்வரகு, அடுத்து பாசிப்பயறு என்று விரல் மடக்கிக்கொண்டிருந்தார்.

பிறகு, நேரே வீட்டுக்குப் போய்ப் பதினெட்டையும் வெளியே எடுத்தார். விளையாட்டைத் திறந்தார். ஊர் அப்படியே இருந்தது. தெப்பக்குளத்தில் தண்ணீர்கூடக் குறையவில்லை.

முதலில் தேரைப் போட்டார். திறந்து பார்த்தார். தேர் நின்றது. மூடினார். மயிலைப் போட்டார். திறந்தார். மூடினார். மழை. திறந்தார். மூடினார். மில்லில் கூட்டம் இல்லாத நேரமெல்லாம் இதே வேலை. இன்னும் எத்தனை தடவைதான் அதைத் திறந்து திறந்து மூடுவீர்கள் என்று வீட்டில் கேட்டார்கள்.

டீக்கடை மோட் வரவே மாட்டேன் என்றது. தேடிப் பார்த்தால், ஃபோல்டருக்குள் இன்னொரு ஃபோல்டர், அதற்குள்தான் டீக்கடை. விளையாட்டு முதல் கதவோடு திரும்பிப் போயிருக்கிறது. உள்ளே இருந்ததை வெளியே எடுத்து வைத்ததும் டீ கொதித்தது. மினி பஸ் பழைய விளையாட்டுக்குச் செய்தது, புதியதில் ஓடாது என்று அதைச் செய்தவரே கீழே எழுதி வைத்திருந்தார். முதல் தடவை அதை யார் படித்தது? அதைத் தள்ளிவிட்டார்.

வியாழக்கிழமை தார் ரோடு போட்டார்.

இருட்டு.

மாலையில் மறுபடியும் டீச்சர் முன்னால் நின்றார். இந்தத் தடவை பெட்டி இல்லை, பொட்டலமும் இல்லை.

தேர் மட்டும் இருந்தால் விளையாட்டு ஓடுகிறது, ரோடு மட்டும் இருந்தாலும் ஓடுகிறது, சேர்த்தால் இருட்டு என்றார். ரெண்டில் ஒன்றை விட்டுவிடலாம்தான். ஆனால் தேரை விட்டால் மோனிஷாவுக்கு எதைக் காட்டுவது? ரோட்டை விட்டால் அந்தப் பெரிய தேர் மண் தெருவில் திரும்பவே மாட்டேன் என்கிறது.

டீச்சர் கேட்டார். "கேம் ஒண்ணொண்ணா எடுத்துக்கிற மோட் வரிசையில மேல எது இருக்கு?"

"தேர்தான். சாமி காரியத்தைக் கீழ வைக்கலாமா? இழுத்துட்டுப் போய் உச்சியில வச்சிட்டேன்."

"ரோடு?"

"கடைசியில. எது முன்னால இருந்தா என்ன டீச்சர்? ரெண்டும் உள்ளதானே போகுது."

டீச்சர் சிரித்தார். நாளைக்கு மில் உண்டா என்று கேட்டார்.

உண்டு என்றார் மாசிலாமணி.

வெள்ளிக்கிழமை மில்லில் நல்ல கூட்டம். அரைக்க மெஷின் ஒன்றுதான். பேச்சியக்கா இரண்டு படி மிளகாய் வற்றலோடு வரிசையில் நின்றார். டீச்சர் இடுப்பில் பிள்ளையும் கையில் அரிசித் தூக்குமாக வந்து, சரியாகப் பேச்சியக்காவுக்குப் பின்னால் நின்றுகொண்டார்.

மாசிலாமணி பார்த்தார். அவருக்கு அது பொறுக்குமா? வந்து டீச்சர் கையிலிருந்த தூக்கை வாங்கி முன்னால் வைத்தார்.

பேச்சியக்காவுக்குக் கோபம். டீச்சர் என்றால் முன்னால் போய்விடலாமா, நாங்கள் படிக்காதவர்கள் என்பதால் கால் கடுக்க நிற்கணுமா என்று கேட்டார். வீட்டில் குழம்பு அவருக்காகக் காத்திருக்கிறதாம்.

"அதுக்கில்லக்கா. அரிசி முன்னால போகணும், மிளகாய் பின்னால வரணும். மாத்திப் போட்டா டீச்சர் பிள்ளை கஞ்சி குடிச்சுட்டு ராத்திரி முழுக்க அழும்."

"ஏன் அண்ணே?" என்றார் டீச்சர். "ரெண்டும் உள்ளதானே போகுது?"

மாசிலாமணி அரிசியைக் கொட்டப் போனவர் அப்படியே நின்றார்.

தூக்கைக் கீழே வைத்தார். மோட்டாரை நிறுத்தினார். பெல்ட் சுற்றி ஓய்கிறவரைகூடக் காத்திருக்கவில்லை. முகத்தில் மாவோடு, ரோடு முன்னால, தேர் பின்னால என்று முணுமுணுத்தபடி மில்லுக்குப் பின்பக்கம் இருக்கிற வீட்டுக்குள் ஓடினார்.

வரிசையில் நின்றவர்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். அவருக்கு வயிறு சரியில்லையோ என்றார் ஒருவர். டீச்சர் பிள்ளையைத் தோள் மாற்றிப் போட்டுக்கொண்டார்.

பிறகு வீட்டுக்குள்ளிருந்து தவில் கேட்டது. அதன்மேல் நாதஸ்வரம் ஏறியது. வடம் பிடிக்கிற கூட்டத்தின் இரைச்சல் எழுந்து, தெரு முனையில் திரும்புகிற மாதிரி ஒரு பக்கமாகச் சாய்ந்து, நிற்காமல் போய்க்கொண்டே இருந்தது.

இந்த மாதத்தில் எந்தக் கோயிலில் தேர் என்று ஒரு பாட்டி எட்டிப் பார்த்தார்.

பேச்சியக்கா மிளகாய்க் கூடையைத் தரையில் இறக்கி வைத்தார். இடுப்பில் கை வைத்து, அந்தச் சத்தத்தைக் கடைசிவரை கேட்டுவிடுவது என்று முடிவு செய்தவர் மாதிரி நின்றார். அப்புறம் வீட்டைப் பார்த்துக் குரல் கொடுத்தார்.

"தம்பி, அவசரமில்ல. தேர் நிலைக்கு வந்ததும் வந்து, டீச்சர் அரிசியை முதல்ல அரைச்சுட்டு, எனக்கு இந்த மிளகாயைத் திரிச்சுக் குடுத்துருங்க."