அரசன் பிடுங்கிய நாள்

வெகு காலத்துக்கு முன்னால் குறும்பொறை என்றொரு நாடு இருந்தது. அங்கே மலை உண்டு, ஆறு உண்டு, மழை உண்டு. அதன் அரசனுக்கு வெட்கம் மட்டும் இல்லை. கதையைக் கேளுங்கள். கேட்ட பிறகும் உங்களுக்குக் கோபம் வராவிட்டால் என்னிடம் சொல்லுங்கள்.

அரசன் பெயர் கொற்றவேலன். காட்டிலிருந்த ஒரு முனிவருக்குப் பணிவிடை செய்வதுபோல நடித்து, அவரிடம் ஒரு மந்திரத்தைக் கற்றுக்கொண்டு வந்தான். அதைச் சொன்னால் சூரியன் வந்த வழியே திரும்பிப் போகும். மாலை காலையாகும். அன்று நடந்ததெல்லாம் நடக்காததாகிவிடும். நினைவு மட்டும் யாரை விட்டும் போகாது.

"உன் நாளைத் திருப்பினால் ஊரார் நாளும் சேர்ந்து திரும்பும். திரும்பிய நாள் முன்போலவே நடக்கும் என்றும் சொல்ல முடியாது" என்று முனிவர் எச்சரித்தார். அரசன் தலையை ஆட்டினான். காதில் போட்டுக்கொள்ளவில்லை. ஊர் திரும்பியதும் மந்திரத்தைப் பற்றி எல்லாரிடமும் பீற்றிக்கொண்டான்.

அந்த ஊரில் மருதி என்பவள் கயிறு திரித்துப் பிழைத்தாள். கல்யாணமாகிப் பல வருஷம் கழித்து அவள் வயிற்றில் ஒரு பிள்ளை தங்கியது. கிடா முட்டுத் திருவிழா அன்று விடியும்போதே அவளுக்கு வலி கண்டது. பகலெல்லாம் துடித்தாள். வெயில் தாழும் நேரத்தில் ஒரு பெண் குழந்தை பிறந்து வீல் என்று கத்தியது. மருதி அதை மார்போடு அணைத்தாள். குழந்தை பால் குடிக்கத் தொடங்கியது.

அதே நேரத்தில் திடலில் அரசனுடைய கிடா, ஒரு குயவனின் கிடாவிடம் தோற்று ஓடியது. சனம் சிரித்தது. அரசன் மந்திரத்தைச் சொன்னான்.

மருதியின் கை வெறுமையானது. வயிறு கனத்தது. வெளியே சேவல் கூவியது. வலி முதலிலிருந்து தொடங்கியது.

மறுபடியும் துடித்தாள், மறுபடியும் பெற்றாள். இந்த முறை மருத்துவச்சி முதுகில் தட்டித் தட்டித்தான் குழந்தைக்குக் குரல் வந்தது. திடலில் அரசன் குயவனை மிரட்டி அனுப்பிவிட்டு, தன் கிடாவை ஒரு நோஞ்சான் கிடாவோடு முட்டவிட்டு ஜெயித்தான். ஆனால் வெற்றி உலாவில் யானை மேலிருந்து வழுக்கி வைக்கோலில் விழுந்தான். சனம் சிரித்தது. அரசன் மந்திரத்தைச் சொன்னான்.

மூன்றாம் முறை மருதிக்குக் கத்தக்கூடத் தெம்பில்லை. பிள்ளை பிறந்தது. அழவில்லை. மருத்துவச்சி தட்டிப் பார்த்தாள், ஊதிப் பார்த்தாள், தலைகீழாகப் பிடித்துப் பார்த்தாள். பிறகு அவளே அழுதாள்.

மருதி பிள்ளையைத் துணியில் சுற்றினாள். ரத்தம் காயாத சேலையோடு அரண்மனைக்கு நடந்தாள். பக்கத்து வீட்டுச் செவந்தி அவளைத் தாங்கிப் பிடித்துக்கொண்டு கூட வந்தாள்.

சபை களைகட்டியிருந்தது. அன்று அரசன் தோற்கவும் இல்லை, விழவும் இல்லை. அரியணை அருகே கிடா கொம்பில் மாலையோடு நின்றது.

மருதி பிள்ளையை அரியணைப் படியில் கிடத்தினாள்.

"இது ரெண்டு தடவை உயிரோடு பிறந்த பிள்ளை, மன்னா. ரெண்டு தடவையும் நீங்கள் பிடுங்கிக்கொண்டீர்கள். உங்களுக்கு எலும்பு முறிந்ததா? சோறு இல்லாமல் போனதா? ஊர் சிரித்தது, அவ்வளவுதானே! அதற்கு என் பிள்ளையா கிடைத்தது?"

கிழ மந்திரி எழுந்தார். "அரசே, இன்னொரு முறை திருப்புங்கள். பிள்ளை பிழைத்தாலும் பிழைக்கும்."

அரசன் பிள்ளையைப் பார்த்தான். கிடாவின் கொம்பில் கிடந்த மாலையைப் பார்த்தான். யோசித்தான்.

ஆமாம், யோசித்தான்! சபை முழுதும் அதைப் பார்த்தது.

"திருப்பச் சொல்லு அக்கா" என்றாள் செவந்தி. அவள் புருஷன் நல்லான் விஷக் காய்ச்சலில் கிடந்து, அன்று உச்சி வேளையில் செத்துப்போயிருந்தான். அவனும் மூன்று முறை செத்திருந்தான். மூன்றாம் முறை கண் திறந்ததுமே, "திரும்பவும் சாகணுமா?" என்று பெண்டாட்டியின் கையைப் பிடித்துக்கொண்டு கேட்டான்.

மருதிக்கு அது தெரியும். அவள் பிள்ளையின் முகத்தைப் பார்த்தாள். பல்லைக் கடித்துக்கொண்டு அரசன் பக்கம் திரும்பினாள்.

"வேண்டாம். நல்லானை இன்னொரு தரம் சாகடித்து எனக்குப் பிள்ளை வேண்டாம். நான் உன்னிடம் பிச்சை கேட்க வரவில்லை. நீ செய்ததை நீயே கண்ணால் பார்க்க வேண்டும் என்றுதான் வந்தேன்."

சபையில் ஒவ்வொருவராக எழுந்து வெளியே போனார்கள். அரசனால் அதைத் தாங்க முடியவில்லை. ஒரு பிள்ளையின் உயிருக்காகத் திருப்ப யோசித்தவன், தன் மானத்துக்காகத் திருப்ப யோசிக்கவே இல்லை. சட்டென்று மந்திரத்தைச் சொன்னான்.

மறுபடியும் விடிந்தது. ஆனால் திடலுக்கு ஒரு ஈ காக்கைகூடப் போகவில்லை. அரசன் கிடாவைப் பிடித்துக்கொண்டு தனியாக நின்றான். கோபத்தில் மந்திரம் சொல்ல வாயைத் திறந்தான். அவனுடைய மெய்க்காவலர்களே அந்த வாயில் துணியை அடைத்தார்கள்.

ஊரே மருதியின் தெருவில் கூடியிருந்தது. நல்லானின் கையை ஆள் மாற்றி ஆள் பிடித்துக்கொண்டார்கள். உச்சி வேளையில், செவந்தியின் மடியில் அவன் போனான். வெயில் தாழ்ந்தபோது மருதிக்குப் பிள்ளை பிறந்தது. நெடுநேரம் சத்தமில்லை. பிறகு, மெல்ல, அழுதது.

"எப்படியோ, அரசர் திருப்பியதால்தானே பிள்ளை பிழைத்தது?" என்றான் வாசலில் ஒருவன்.

உள்ளேயிருந்து மருதி சீறினாள். "அவன் திருப்பியது அவன் மானத்துக்கு! பிள்ளையைப் பெற்றது நான். நாலு தடவை பெற்றேன். அவனுக்கு நன்றி சொல்கிறவன் இந்த வாசலில் நிற்கக் கூடாது!"

வைத்தியர்கள் ஒரு வேரை அரைத்துக் கொடுத்து அரசனின் நாக்கைத் தடிக்க வைத்தார்கள். மந்திரம் முழுக்க ழகரம். அதற்குப் பிறகு அவனால் வாழைப்பழம் என்றுகூடக் கேட்க முடியவில்லை. முடியைக் கழற்றிக்கொண்டு அவனை நாட்டின் எல்லைக்கு அப்பால் விட்டுவிட்டு வந்தார்கள்.

தன் தலைகுனிவை மறைக்க அடுத்தவர் வாழ்ந்த நாளைப் பிடுங்குகிறவன், முடி சூடியிருந்தாலும் திருடன்தான்.