பரிசலுக்கு ஈடு

சுழிமேட்டுக்காரர்களிடம் எதையும் பார்த்துத்தான் சொல்ல வேண்டும். பரிசலில் வந்த சந்தை வியாபாரி ஒருவர், "மூட்டையைச் சீக்கிரம் இறக்குங்கப்பா" என்று அவசரப்பட்டார். நடு ஆற்றிலேயே இறக்கிவிட்டார்கள். பன்னிரண்டு மூட்டை மிளகாய். ஆற்று மீனெல்லாம் இரண்டு நாள் தும்மியதாகக் கேள்வி. வியாபாரி கோர்ட்டுக்குப் போனார்.

அந்தப் பரிசலை ஓட்டிய சென்றாயனுக்கு வழக்கைப் பற்றிக் கவலையில்லை. வெள்ளிக்கிழமை காலை அவனுக்குக் கல்யாணம். முதல் நாள், தாய்மாமன் மாதப்பனையும் அக்கா புருஷன் பச்சையப்பனையும் ஏற்றிக்கொண்டு, பெண்ணை அழைத்துப்போக அக்கரைக்கு வந்தான். இறங்கியதுமே, மிளகாய் வழக்குக்காகக் கோர்ட்டு அமீனா பரிசலை ஜப்தி செய்து, கோர்ட்டு வாசல் புங்கமரத்தடியில் கவிழ்த்துவிட்டார்.

சென்றாயனுக்கு அழுகையே வந்துவிட்டது. பட்டுப்புடவையோடு நிற்கிற மணப்பெண் இருசாயியை ஆற்றைத் தாண்டி எப்படிக் கொண்டுபோவான்?

"அழாதப்பா," என்றார் அவனுடைய வக்கீல். "பரிசலுக்கு ஈடா, அதே மதிப்புள்ள ஒண்ணை ஜாமீனாக் குடுத்தா ஜப்தியை எடுத்துருவாங்க." சொல்லிவிட்டுச் சாப்பிடப் போய்விட்டார். அவர் போயிருக்கக் கூடாது.

மூவரும் மரத்தடியில் உட்கார்ந்து யோசித்தார்கள்.

"துடுப்பு இல்லைன்னா பரிசலு ஓடுமா?" என்றார் மாதப்பன்.

"ஓடாது மாமா."

"அப்ப பரிசலோட மதிப்பு பூரா துடுப்புலதானே இருக்குது?"

அமீனாவும் சுழிமேட்டுக்காரர். நியாயம் அவருக்கு உடனே விளங்கியது. துடுப்பை வாங்கி வைத்துக்கொண்டு பரிசலை விட்டார்.

பெண்ணை ஏற்றித் தள்ளினார்கள். பரிசல் ஒன்பது சுற்றுச் சுற்றி, புறப்பட்ட இடத்திலேயே வந்து இடித்தது.

"நல்லாத்தான் போச்சு. தூரந்தான் போகலை," என்றான் பச்சையப்பன்.

மறுபடியும் மரத்தடி. துடுப்புப் போடுகிற ஆள் இல்லையென்றால் துடுப்பு வெறும் கட்டை என்று இந்தமுறை பச்சையப்பன் கண்டுபிடித்தான். சென்றாயனை அமீனாவிடம் உட்காரவைத்துவிட்டுத் துடுப்பை மீட்டார்கள். நம்மை இவ்வளவு உயர்வாக மதித்துவிட்டார்களே என்று சென்றாயனுக்குப் பெருமை தாங்கவில்லை. ஆற்றுப் பக்கம் நடந்தவர்களுக்குக் கையசைத்து விடைகொடுத்தான். அப்புறந்தான் நாளைக்குக் கல்யாணம் தனக்குத்தான் என்பது ஞாபகம் வந்தது.

பரிசலில் ஏறப்போன இருசாயியும் காலைப் பின்னுக்கு இழுத்தாள். "மாப்பிள்ளை இங்க உக்காந்துட்டா, நான் அங்க போயி யாருக்குக் கழுத்தை நீட்டறது?"

அதற்கும் வழி இருந்தது. பெண் இல்லாவிட்டால் மாப்பிள்ளைக்கு ஏது மதிப்பு? இருசாயியை அமீனாவிடம் விட்டுச் சென்றாயனை மீட்டார்கள். அவன் குஷியாக நாலு போடு போட்டான். ஐந்தாவதில் கை நின்றது.

"மாமா, என்னமோ குறையற மாதிரி இருக்குதே?"

மாதப்பன் ஆட்களை எண்ணினார். "மூணு பேரு வந்தோம். மூணு பேரு இருக்கறோம். ஒண்ணும் குறையலை."

"இருசாயி, மாமா!"

அவன் அலறிய அலறலில் பரிசல் தானாகவே திரும்பியதாகப் பச்சையப்பன் இன்றைக்கும் சொல்கிறான்.

கோர்ட்டு மூட அரை மணிதான் இருந்தது. சென்றாயன் அமீனாவைப் பார்த்துக் கைகூப்பினான். "ஐயா, எங்கிட்ட இருக்கறதுலயே பெருசு இந்தப் பரிசலுதான். இதை வச்சுக்கிட்டு இருசாயியை விட்டுருங்க."

அமீனா மனம் இரங்கினார். பரிசல் புங்கமரத்தடிக்குப் போனது. பெண் வந்துவிட்டாள்.

அப்பாடா என்று எல்லோரும் ஆற்றங்கரைக்கு வந்தார்கள். மாப்பிள்ளை, பெண், துடுப்பு, எல்லாம் சரியாக இருந்தது. மணலில் வட்டமாக உட்கார்ந்தார்கள். சென்றாயன் துடுப்பால் மணலை வலிக்க ஆரம்பித்தான்.

"இன்னும் ஊரு வரலையேடா?" என்றார் மாதப்பன்.

"எதிர்த்தண்ணி மாமா. முகூர்த்தத்துக்குள்ள போயிரலாம்."

"மெதுவாப் போடுங்க, பொடவை நனையுது," என்று இருசாயி கொசுவத்தைத் தூக்கிப் பிடித்தாள்.

கோர்ட்டைப் பூட்டிவிட்டு அமீனா ஓடிவந்தார். "இருங்க, நானும் கல்யாணத்துக்கு வர்றேன்!" பேண்ட்டைச் சுருட்டிக்கொண்டு வட்டத்துக்குள் ஒரு காலை வைத்தார்.

"ஐயையோ, கவுந்துரும்!" நாலு பேரும் ஒன்றாகக் கத்தினார்கள். "பாரம் ஜாஸ்தி! அடுத்த நடைக்கு வாங்க!"

அமீனா பதறிப்போய்க் காலை எடுத்தார். அதைத் துண்டால் ஈரம் போகத் துடைத்துக்கொண்டு, அடுத்த நடைக்காகக் கரையில் உட்கார்ந்தார்.