சரிங்க

"அந்தப் பரிசல்துறைக்காரங்களுக்கு வாயே இல்லை அம்மா! எத்தனை தடவை போயிட்டேன், ஒரு வார்த்தை வாங்க முடியலை."

மருதவாணர் வந்ததும் வராததுமாகப் பொரிந்து தள்ளினார்.

குரு உமையம்மை அப்போதுதான் பந்தியில் உட்கார்ந்திருந்தார். வயதில் மருதவாணரைவிடச் சின்னவர்தான். ஆனாலும் குரு குருதானே.

மறுநாள் மன்னர் சபை. பரிசல் ஓட்டும் குடிகளுக்காக மருதவாணர் பேசப் போகிறார். ஆற்றைக் கடக்க ஊருக்கு அவர்கள் பரிசல் வேண்டும், ஊருக்குள் மட்டும் அவர்கள் கால் படக்கூடாது. வெள்ளம் வந்தால் முதலில் போவதும் அவர்கள் குடிசைதான். அவர்களை மலையடி மேட்டில் குடியேற்றச் சொல்லிக் கேட்கப் போகிறார். மன்னர் தலையசைத்தால் போதும், மூட்டை கட்ட வேண்டியதுதான்.

"அவங்க என்ன சொன்னாங்க?"

"எதைக் கேட்டாலும் 'சரிங்க'. மேட்டுக்குப் போகலாமான்னேன், 'சரிங்க'. உங்களுக்காக நான் பேசட்டுமான்னேன், அதுக்கும் 'சரிங்க'. அப்புறம் என்ன, எல்லாருக்கும் சம்மதம்தான்!"

"உட்காருங்க. முதல்ல சாப்பிடுங்க."

இலை போட்டார்கள். சோறு வந்தது.

"அவருக்குக் கொஞ்சம் வச்சாப் போதும்," என்றார் உமையம்மை.

மருதவாணருக்கோ அகோரப் பசி. காலையிலிருந்து பல்லில் பச்சைத் தண்ணீர் படவில்லை. ஆனால் குரு சொல்லும்போது குறுக்கே பேசுவதா?

"சரிங்கம்மா."

குழம்பு வந்தது.

"அவருக்குக் காரம் ஆகாது."

"சரிங்கம்மா."

பாயசம் வந்தது. பாயசம் என்றால் மருதவாணருக்கு உயிர்.

"அவருக்கு இனிப்பே பிடிக்காது."

அடப்பாவமே! வாளி அடுத்த இலைக்குப் போயே போய்விட்டது.

"சரிங்கம்மா," என்றார்.

உமையம்மை கையை நீட்டி அவருடைய இலையை மூடினார்.

"திருப்தியாச் சாப்பிட்டுட்டார்."

"அம்மா! எனக்கு இன்னும் பசிக்குது!"

"அப்படியா? எல்லாத்துக்கும் சரிங்கன்னு சொன்னீங்களே."

"அது சம்மதப்பட்டுச் சொன்னதா அம்மா? உங்க முகத்தைப் பார்த்து எப்படி நான்..."



மருதவாணர் எழுந்து கையைக் கழுவினார். உச்சி வெயிலில் துறையைப் பார்த்து நடந்தார்.

துறையில் சடைச்சி பரிசலைக் கவிழ்த்துப் போட்டு, அடியில் தார் பூசிக்கொண்டிருந்தாள். துறைக்காரர்களில் மூத்தவள். இவரைக் கண்டதும் எழுந்து நின்றாள்.

"சாப்பிட்டீங்களாங்க?"

எப்போதும் 'ஆச்சு ஆச்சு' என்பார்.

"இல்லம்மா. பசிக்குது."

சடைச்சி அவரை ஏற இறங்கப் பார்த்தாள்.

"எங்க வீட்டுக் கஞ்சி குடிப்பீங்களா?"

"குடிப்பேன்."

கஞ்சி வந்தது. மருதவாணர் ஒரே மூச்சில் குடித்தார்.

"இன்னும் ஊத்தட்டுங்களா?"

கேட்டாளே! மருதவாணருக்குக் கண் கலங்கிவிட்டது.

"ஊத்தும்மா."

இரண்டாவது சட்டியைக் கீழே வைத்துவிட்டு மெதுவாகக் கேட்டார்.

"அன்னிக்கு 'சரிங்க'ன்னீங்களே. அதுக்கு அர்த்தம் சம்மதமா? இல்லை, எழுந்து போய்யாங்கிறதா?"

சடைச்சி சிரித்துவிட்டாள்.

"எழுந்து போங்கன்னுதாங்க. ஆத்தை விட்டுட்டு மேட்டுல பரிசல் ஓட்டவா முடியும்? கரையை உசத்திக் கட்டிக் குடுத்தாப் போதும், நாங்க இங்கயே பொழச்சுக்குவோம்."

"அப்போ நாளைக்குச் சபையில இதையே நான்..."

"நானே வந்து சொல்றேனுங்க."

மருதவாணர் காலிச் சட்டியை எடுத்து அவள் கையில் கொடுத்தார்.

"நான் என்ன பண்ணட்டும்மா?"

"கோட்டை வாசல்ல எங்களை உள்ளே விடாம மறிப்பாங்க," என்றாள் சடைச்சி. "அங்க பேசுங்க."